சாகாமத்தில் பறந்த பிரெஞ்சு விமானம்

அத்தியாயம் 6

முகாம் வாசலில் விமானம் சுழன்றுகொண்டிருந்தது.

தகர விமானம்தான். காவற்கூண்டுக்குப் பக்கத்தில் மூங்கில் நட்டு, அதன் உச்சியில் எவனோ ஒரு சிப்பாய் ஆணியடித்து ஏற்றியிருந்தான். கடற்காற்று பட்டதும் இரண்டு விசிறிகளும் பேய் பிடித்ததுபோல் சுற்றின. வயிற்றுக்குக் கீழே தொங்கிய தகரப் பெட்டிக்குள் கூழாங்கற்கள் குலுங்கின. அந்தச் சத்தத்துக்குக் காகம்கூட அந்தப் பக்கம் அண்டவில்லை.

"பாத்தீங்களா காக்கா? அரசாங்கத்துக்கு எதிரான சாமானை அரசாங்கமே வாசலில நட்டு வச்சிரிக்கு. இதுக்கு இப்ப ஆரைப் பிடிக்கிற?" என்றான் கதிர்காமன், ஸ்டியரிங்கில் தாளம் போட்டபடி.

"மெல்லக் கதை. பின்னால ஒரு புள்ள இரிக்கி" என்றார் மீராசாஹிபு.

ஊருக்கே காக்காவான, அதாவது அண்ணனான, மீராசாஹிபு ஒரு காலத்தில் பொலிஸ் சார்ஜன்ட். பிடிக்கக்கூடாத ஒருவரின் மைத்துனனைப் பிடித்துவிட்டு, மன்னிப்புக் கேட்க மறுத்து, தொப்பியைக் கழற்றி மேசையில் வைத்துவிட்டு வந்தவர். இப்போது கல்முனை பசாரில் ஒரு புடைவைக் கடை மாடியில் துப்பறியும் நிலையம் நடத்துகிறார். கதிர்காமன் பாண்டிருப்பு மீனவர் வீட்டுப் பிள்ளை. தோணியில் ஏறினால் வாந்தி எடுப்பான் என்பதால் கரையில் மீராசாஹிபுவின் மொறிஸ் மைனர் காரை ஓட்டுகிறான். அவன் வாய் மட்டும் எந்தக் கடலுக்கும் அஞ்சாது.

பின் ஆசனத்தில் முக்காட்டை இழுத்துப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவள் நஸீறா. அவளுடைய கணவன் ஸலாஹுதீன் கடைகளுக்குப் பெயர்ப்பலகை எழுதுகிறவன். மீராசாஹிபுவின் நிலையத்துப் பலகையும் அவன் வந்து எழுதியதுதான். அவனைத்தான் இராணுவம் பிடித்து உள்ளே வைத்திருக்கிறது. நாளை விடிந்ததும் தெற்கே ஒரு தடுப்பு முகாமுக்கு லொறி போகிறது. அந்த லொறியில் போனவர்கள் எப்போது திரும்பி வருவார்கள் என்று இந்த எண்பத்து நாலாம் ஆண்டில் யாராலும் சொல்ல முடியாது.

"அது கிளி வெருட்டுறதுக்குச் செஞ்ச காத்தாடி காக்கா" என்றாள் நஸீறா. "எங்கட வயலுக்கு. ரெண்டு விசிறி வச்சா ரெண்டு மடங்கு சத்தம் வரும் எண்டு செல்லித்தான் இந்தப் படத்தைப் பாத்துச் செஞ்சாரு. சர்க்கரை சுத்தி வந்த கடதாசி இது. ஷெட் சுவருல ஒட்டி வச்சிருந்தாரு. ஆமிக்காரங்க தகரத்தை எடுத்தாங்க, இதக் காணல்ல."

மடித்து வைத்திருந்த தாளை நீட்டினாள். பழைய சஞ்சிகை ஒன்றின் பக்கம். இரண்டு இயந்திரங்களோடு ஒரு விமானம், வயிற்றுக்குக் கீழே கண்ணாடிப் பெட்டி. அதற்கும் கீழே இங்கிலீசு போலவே இருந்து இங்கிலீசாக இல்லாத எழுத்துகள். ஸலாஹுதீன் எழுத்தைக் கண்டால் விடாத மனிதன். படத்தின் கீழே இருந்ததை ஓர் எழுத்துப் பிசகாமல் தகரத்தின் மேலும் எழுதிவிட்டான். 'பிரெஞ்சு', 'இராணுவம்', 'வேவு' என்ற மூன்று சொற்களும், இங்கிலீசு தெரிந்தவன் ஊகிக்கக்கூடிய சாயலில், அதில் இருந்தன. கிளியை வெருட்ட இவ்வளவு எதற்கு என்று முகாம் கப்டன் கேட்டதில் நியாயம் இல்லாமல் இல்லை.

முகாமுக்கு எதிரே இருந்த தேநீர்க் கடையில் சப்-இன்ஸ்பெக்டர் தம்பிமுத்து காத்திருந்தார். யாழ்ப்பாணத்து மனிதர். முகாமுக்கும் பொலிசுக்கும் நடுவில் நின்று மொழிபெயர்ப்பது அவர் தலையில் விழுந்திருந்தது. இரு பக்கமும் சந்தேகப்படும் உத்தியோகம் அது. நஸீறாவைக் காருக்குள்ளேயே விட்டுவிட்டு மற்ற இருவரும் உள்ளே போனார்கள்.

"இஞ்சை பாரும் மீராசாஹிபு, தகரத்துக்காக மட்டும் எண்டால் நாலு அடி போட்டு விட்டிருப்பாங்கள். சாட்சி ஒண்டு இருக்கு" என்றார் தம்பிமுத்து குரலைத் தாழ்த்தி. "சாகாமம் குளத்துக்கு மேலை இதே விமானம் பதிஞ்சு பறந்ததாம். உம்மடை ஆள் வரம்பிலை நிண்டு வெள்ளைத் துணி ஆட்டினவராம். அதோடை மூண்டு பேருக்குக் கட்டளை குடுத்ததையும் சாட்சி காதாலை கேட்டிருக்கு."

"எந்த மூணு பேரு?"

தம்பிமுத்து கடைக்காரனைப் பார்த்தார். அவன் பால் ஆற்றிக்கொண்டிருந்தான். "'பெருவாயனைக் கொண்டா, வேலைக்காரனை அனுப்பு, வாரிக்காலனை அவிழ்த்து விடு.' இதுதான் கட்டளை. எல்லாம் இயக்கப் பேர். கப்டன் மூண்டு பேரையும் தேடுறான். மூண்டாவது ஆளை எங்கேயோ கட்டி வைச்சிருக்கிறாங்கள் எண்டு அவனுக்கு ஒரு எண்ணம்."

"பெருவாயன் எண்டா நான்தான் சேர்" என்றான் கதிர்காமன். "எங்கட அம்மா சுந்தரம்மாவக் கேட்டுப் பாருங்க, சத்தியம் பண்ணிச் சொல்லுவா."

தம்பிமுத்து சிரிக்கவில்லை. "இந்த நாளிலை உப்பிடிப் பகிடி விடாதையும் தம்பி. எழுதிப் போடுவாங்கள்."

மீராசாஹிபுக்கு அந்தப் பெயர்கள் பிடிபடவில்லை. அவர் பசாரில் பிறந்து பசாரில் வளர்ந்தவர். நெல்லை மூட்டையாகவும் சோறாகவும்தான் அறிவார். ஆனால் படத்தில் இருந்த விமானம் அவர் மனதில் முள்ளாய்க் குத்தியது. இதே விமானம் என்று சாட்சி அடித்துச் சொல்கிறது. அப்படியானால் இது எந்த விமானம்?

"சேர், இன்னும் கொஞ்ச நேரத்துல வந்து உங்களை ஏத்துறன். சாட்சிய நானும் ஒருக்காப் பாக்கணும். சிவில் உடுப்புல வாங்க."

"சாட்சியின்ரை பேர் வெளியிலை போகக்கூடாது."

"பேரை நீங்க செல்ல வேணாம். கார் எங்க போகணும் எண்டு மட்டும் செல்லுங்க."

*

கல்முனையில் பிரெஞ்சு படிக்கத் தெரிந்தவர் ஒரே ஒருவர்தான். பாதர் மொறேல். இளமையில் கப்பலேறி மட்டக்களப்புக்கு வந்தவர், திரும்பிப் போகவில்லை. அவருடைய பிரெஞ்சு துருப்பிடித்துவிட்டது, மட்டக்களப்புத் தமிழ் மட்டும் பளபளப்பாக இருக்கிறது என்று ஊரில் சொல்வார்கள். அவர்கள் போனபோது கோயில் வளவில் மரவள்ளிக்குப் பாத்தி கட்டிக்கொண்டிருந்தார்.

தாளைக் கண்டதும் மண்கையை வேட்டியில் துடைத்தார். "ஓம், ஓம். இது என்ட புத்தகம். பழசெல்லாத்தையும் பலசரக்குக் கடைக்குக் குடுத்தன். சர்க்கரை சுத்தினாங்களா? நல்லது, ஒரு பிரயோசனம் வந்திரிக்கி."

"என்ன எழுதிக் கிடக்கு பாதர்?" என்றார் மீராசாஹிபு.

பூதக்கண்ணாடியை வைத்து மெல்ல வாசித்தார். "இது வேவு பாக்கிற பிளேன். சண்டை போடுறதில்ல. மூணு பேர் போறது. ஓட்டுறவன் ஒராள், சுடுறவன் ஒராள், மற்றவன் இந்தக் கண்ணாடிப் பெட்டிக்குள்ள இருந்து படம் எடுப்பான். ரெண்டாவது உலக யுத்தத்துக்கு முந்தி மாதிரிக்கு ஒண்டு செஞ்சு பறந்து காட்டினாங்களாம். பட்டாளம் வேணாம் எண்டு சொல்லிப்போட்டுது."

"அதுக்குப் பொறகு?"

"பொறகு ஒண்டும் இல்ல மகன். இந்த ஒண்டுதான். ரெண்டாவது செய்யவே இல்ல."

கதிர்காமன் படத்தை எட்டிப் பார்த்தான். "நல்லாக் கண் தெரியிற பிளேனை வேணாம் எண்டிட்டாங்க. அதுதான் பாதர் உங்கட ஆக்கள் தோத்தது."

பாதர் வாய்விட்டுச் சிரித்தார். பிறகு சிரிப்பு நின்றுவிட்டது. "என்ட அண்ணன் அந்தச் சண்டைக்குப் போனவன்" என்று மட்டும் சொல்லி மண்வெட்டியைக் கையில் எடுத்தார். கதிர்காமனுக்கு நாக்கைக் கடித்துக்கொள்ளலாம் போல இருந்தது. "மன்னிச்சுக் கொள்ளுங்க பாதர்" என்றான். அவர் தலையை ஆட்டினார்.

காரில் ஏறியதும் மீராசாஹிபு தொடையில் தட்டினார். "புடிச்சிட்டன்! நாப்பது வருசத்துக்கு மேல. உலகத்துல ஒண்டே ஒண்டு. அது சாகாமத்துக்கு மேல பறந்ததாம்! படத்தைப் பாத்துட்டுத்தான் அந்தச் சாட்சிக்காரன் கதை கட்டியிருக்கான். அவன்ட வாயாலயே கதையை அவிழ்த்து விடுறன் பாரு."

நஸீறா முதல் தடவையாக முக்காட்டைக் கொஞ்சம் தளர்த்தினாள். "அப்ப இவரு வந்திருவாரா காக்கா?"

"இன்ஷா அல்லாஹ்" என்றார் அவர். அந்த நேரத்தில் அவருக்கு அது உறுதியாகவே தோன்றியது.

*

தம்பிமுத்துவை ஏற்றிக்கொண்டு அக்கரைப்பற்றும் ஆலையடிவேம்பும் கடந்து சாகாமத்துக்குத் திரும்பினார்கள். பெரும்போக அறுவடை முடியும் காலம். வழியெல்லாம் வைக்கோல் மணம். குளக்கட்டைத் தாண்டி, கை காட்டி நிறுத்தச் சொன்னார் தம்பிமுத்து.

"உந்தக் களத்திலைதான். ஆள் வட்டை விதானை."

வட்டை விதானை என்றால் அந்த வயல்வெளிக்கே தலைவர். எந்த வயலுக்கு எப்போது தண்ணீர் என்று அவர் சொன்னால்தான் வாய்க்கால் திறக்கும். நஸீறா கண்ணாடியோடு முகத்தை வைத்துப் பார்த்தாள். பார்த்தவள் அப்படியே பின்னுக்குச் சாய்ந்தாள்.

"ஜவுபர் மச்சான்."

"உங்கட சொந்தமா?" என்று திரும்பினார் மீராசாஹிபு.

"மாமிட மகன். முறை மச்சான். என்னை அவருக்குத்தான் கேட்டாங்க. நான் மாட்டன் எண்டிட்டன்." கொஞ்சம் நிறுத்தினாள். "இவரைப் புடிச்ச அண்டைக்கு ஊட்டுக்கு வந்து, 'பயப்படாத, நான் இரிக்கன்' எண்டு செல்லிட்டுப் போனாரு."

மீராசாஹிபு தாளை மடித்துச் சட்டைப் பையில் வைத்தார்.

"நீங்க இஞ்சயே இருங்க தங்கச்சி. களவெட்டிக்குள்ள பொம்புளையள் வாறல்ல எண்டு செல்லுவாங்க" என்று சொல்லிவிட்டு மீராசாஹிபு இறங்கினார்.

களவெட்டி என்பது வயலின் நடுவே சாணம் மெழுகிய வட்டமான சூடடிக்கும் களம். நான்கு எருமைகள் கதிர் மேல் சுற்றிச் சுற்றி மிதித்துக்கொண்டிருந்தன. கவர்க் கம்புகளால் மூன்று பேர் வைக்கோலை உதறினார்கள். ஒருபுறம் நெல் பொலியாகக் குவிந்திருந்தது. ஜவுபர் வெள்ளைத் தொப்பியும் மடித்துக் கட்டிய சாரனுமாய் நின்றார். முகத்தில் ஒரு பெரிய மனிதக் களை. வந்தவர்களைச் செருப்பைக் கழற்றச் சொன்னார்.

மீராசாஹிபு சுற்றி வளைக்கவில்லை. "விதானையார், நீங்க கண்ட பிளேன் எப்புடி இருந்திச்சி?"

ஜவுபர் தம்பிமுத்துவைப் பார்த்தார். அவர் தலையசைத்தார்.

"ரெண்டு எஞ்சின். கீழ கண்ணாடிப் பெட்டி ஒண்டு. அதுக்குள்ள ஒருத்தன் இருந்து படம் புடிச்சான். என்ட ரெண்டு கண்ணாலயும் கண்ட."

"அவ்வளவு பதிஞ்சு வந்திச்சா?"

"தென்னமர உசரம்."

மீராசாஹிபு தாளை விரித்தார். "இதுதானா?"

"இதேதான்."

"விதானையார், இந்த பிளேன் உலகத்துல ஒண்டே ஒண்டுதான் செஞ்சாங்க. பிரான்சுல. யுத்தத்துக்கு முந்தி. ரெண்டாவது செய்யவே இல்ல. நீங்க எதைக் கண்ட?"

ஜவுபர் தாடியைத் தடவினார். ஒரு கண நேரம்தான். "அப்ப அந்த ஒண்டுதான் வந்திரிக்கும்."

மீராசாஹிபு தாளைத் திரும்பவும் பார்த்தார். அந்த ஒன்று பிறகு என்ன ஆனது என்று தாளில் இல்லை. பாதரிடம் அதைக் கேட்கவும் அவருக்குத் தோன்றவில்லை. வெற்றி மயக்கத்தில் எழுந்து ஓடி வந்துவிட்டார்.

தம்பிமுத்து அவரைத் தனியே இழுத்தார். "இது போதாது. கமக்காரனுக்கு எல்லாப் பிளேனும் ஒண்டுதான், ஏதோ ஒண்டைக் கண்டான், படத்தைக் காட்டினதும் இதுதான் எண்டுட்டான் எண்டு கப்டன் சொல்லுவான். பேர்கள் இருக்கே? அந்த மூண்டு பேரும் ஆர் எண்டு தெரியாமல் ஸலாஹுதீனை விடவே மாட்டாங்கள்."

மீராசாஹிபு வீதிப் பக்கம் திரும்பினார். காரின் கண்ணாடிக்குப் பின்னால் நஸீறாவின் முகம் தெரிந்தது. அந்தப் பெண்ணிடம் இன்ஷா அல்லாஹ் என்று சொல்லிவிட்டு வந்தோமே என்று அவருக்கு வெட்கமாய் இருந்தது.

இதற்குள் கதிர்காமனுக்குக் கால் கடுத்துவிட்டது. கடற்கரைப் பிள்ளைக்குக் களவெட்டி ஒரு கடற்கரைதான், உட்கார ஏதாவது வேண்டும். நெற்குவியலுக்குப் பக்கத்தில் பெரிய பனையோலைக் கடகம் ஒன்று கிடந்தது.

"விதானையார், அந்தக் கடகத்தைக் கவுட்டுப் போட்டு அதுல இருக்கட்டா?"

ஜவுபர் பாய்ந்து வந்தார். பெரிய மனிதக் களை எங்கே போனதோ தெரியவில்லை. "டேய்! களவெட்டிக்குள்ள நிண்டு கடகம் எண்டு செல்லாத! பெருவாயன் எண்டு செல்லுடா! பூதம் கேட்டா பொலியெல்லாம் அள்ளிக்கிட்டுப் போயிரும்! பெருவாயனைக் கவுக்கவும் படாது!"

சொல்லி முடித்த பிறகுதான் அவருக்கே அது காதில் விழுந்தது போலும். நின்ற இடத்தில் நின்றார். எருமைகள் மட்டும் சுற்றிக்கொண்டிருந்தன.

"என்ன சொன்னனீர்?" என்றார் தம்பிமுத்து.

"ஒண்டும் இல்ல."

கதிர்காமன் மெல்லக் குனிந்து கவர்க் கம்பு ஒன்றை எடுத்தான். அவன் முகம் வெளிச்சமாகிக்கொண்டு வந்தது. "அப்ப இதுக்குப் பேரென்ன விதானையார்? நான் பாட்டுக்குக் கம்பு, கம்பு எண்டு சத்தம் போட்டு உங்கட பூதத்தைக் கூப்பிட்டிரக் கூடாது பாருங்க."

ஜவுபர் பல்லைக் கடித்துக்கொண்டு நின்றார். ஆனால் பூதத்துக்குப் பயந்தவர் அவர் ஒருவர் மட்டுமல்ல. வைக்கோல் உதறிய ஒருவன் பதறிப்போய், "அது வேலைக்காரன் தம்பி!" என்றான்.

"அப்ப இந்த மாடு? மாடு!"

"வாரிக்காலன்! வாரிக்காலன் எண்டு செல்லுங்க!" என்று மூவருமாய்க் கத்தினார்கள்.

மீராசாஹிபு ஒரு பெருமூச்சு விட்டார். பெருவாயனைக் கொண்டா: கடகத்தைக் கொண்டுவா. வேலைக்காரனை அனுப்பு: கம்பைக் கொடு. வாரிக்காலனை அவிழ்த்து விடு: மிதித்தது போதும், எருமையை அவிழ். பூதத்தை ஏமாற்ற வயற்காரன் வைத்த பெயர்களைத் தேடித்தான் ஒரு முகாமே துவக்கும் கையுமாய் அலைந்திருக்கிறது.

"அந்தப் பேர்கள்ல நான் பொய் செல்லல்ல" என்றார் ஜவுபர். "அவன் செல்லினதத்தான் நானும் செல்லினன். ஆக்கள் எண்டு நான் செல்லல்ல. அவங்களா அப்புடி நெனச்சாங்க."

"நெனச்சப்ப நீங்க ஏன் வாயத் தொறக்கல்ல?"

ஜவுபரின் கண் வீதிப் பக்கம் போனது. எல்லோரும் திரும்பினார்கள். நஸீறா வரம்பு வழியே வந்துகொண்டிருந்தாள். களத்தின் விளிம்பில் ஒரு கணம் நின்றாள். செருப்பைக் கழற்றினாள். பிறகு பெண் கால் படக்கூடாத களவெட்டிக்குள் கால் வைத்து, நேரே வந்து ஜவுபரின் முன் நின்றாள்.

"பூதத்துக்குப் பயந்தீங்க மச்சான். அல்லாஹ்வுக்குப் பயப்படல்லயே."

அவள் அழவில்லை. ஜவுபர்தான் முகத்தைத் துண்டால் மூடிக்கொண்டார். தம்பிமுத்து அவர் தோளைப் பிடித்து, "வாரும், இதைக் கப்டனுக்கு நீரே சொல்லும்" என்றார். நஸீறாவின் பக்கத்தில் ஜவுபரை உட்கார வைக்க முடியாததால் இருவரும் நெல்லேற்ற வந்த டிரக்டரில் ஏறிக்கொண்டார்கள்.

*

முகாமுக்குள் போனவர்கள் திரும்பி வர நெடுநேரம் ஆயிற்று. உள்ளேயிருந்து பலமான சிரிப்புச் சத்தம் கேட்டது. கப்டன் சிரிக்கிறான். அந்தச் சிரிப்பு மீராசாஹிபுக்குப் பிடிக்கவில்லை. இவ்வளவு சிரிக்கக்கூடிய ஒரு விஷயத்துக்காக ஒருவனை என்ன பாடு படுத்தினார்கள் என்று அவருக்கு ஆத்திரம் வந்தது.

பிறகு ஸலாஹுதீன் வந்தான். ஒரு காலில்தான் செருப்பு. இடது காது வீங்கிக் கறுத்திருந்தது. நஸீறா ஓடிப்போய் அவன் கையைப் பிடித்தாள். சேர்ட் நுனியையும் பிடித்துக்கொண்டாள். ஜவுபர் வெளியே வரவில்லை. "பிளேன் கண்டதும் பொய் எண்டு ஒத்துக்கொண்டிட்டார். அவரைக் கொஞ்சம் வைச்சு விசாரிக்கினமாம்" என்று மட்டும் சொன்னார் தம்பிமுத்து. அதற்காக மகிழவும் மீராசாஹிபுக்கு மனம் வரவில்லை.

கார் கல்முனையை நோக்கிப் புறப்பட்டது. கதிர்காமன் நல்ல உற்சாகத்தில் இருந்தான். "காக்கா, கேஸைப் பிடிச்சது உங்கட மூளையில்ல, என்ட கால் கடுப்பு. இனி எங்க போனாலும் எனக்கு ஒரு கதிரை கொண்டு போகணும்."

"நீங்க முதல்லயே செல்லியிருக்கலாமே தம்பி, பெருவாயன் எண்டா கடகம் எண்டு?" என்று திரும்பிக் கேட்டார் மீராசாஹிபு.

ஸலாஹுதீன் நல்ல காதை முன்னுக்கு நீட்டினான். "முதல் நாளே சென்ன காக்கா. நம்பல்ல. பகிடி பண்ணுறன் எண்டு நெனச்சுத்தான் கூட அடிச்சாங்க. கடகத்துக்கு ஊரு எது, வாப்பாட பேரு என்ன எண்டு கேட்டாங்க." மூச்சு வாங்கினான். "இண்டைக்கு மத்தியானம் ஏலாமப் போச்சு. மூணு பேருக்கும் பேரு செல்லிட்டன்."

"ஆர்ட பேரை?" என்றார் மீராசாஹிபு.

"பெருவாயனுக்கு மௌத்தாகி அடக்கின ஒருத்தர்ட பேரு. வாரிக்காலனுக்கு சவூதிக்குப் போன ஒருத்தர்ட பேரு. ஆருக்கும் கெடுதி வராத பேராத்தான் தேடினன் காக்கா. வேலைக்காரன் ஆரு, வேலைக்காரன் ஆரு எண்டு காதுல அடிச்சாங்க. வேலைக்காரன், வேலைக்காரன்..." அவன் முன் ஆசனத்தைப் பார்க்காமல் யன்னலைப் பார்த்தான். "உங்கட இவர்ட பேருதான் வாயில வந்திச்சி."

கதிர்காமனின் கால் தானாகவே பிரேக்கில் போய், பிறகு எடுபட்டது. "முழுப் பேருமா?"

"பாண்டிருப்பு எண்டும் சென்ன. உடனேயே எல்லாச் சாவடிக்கும் பேரை அனுப்பிட்டாங்க, இன்னும் திருப்பி எடுக்கல்ல எண்டு ஒரு ஆமிக்காரன் செல்லினான். என்னை மன்னிச்சுக்க தம்பி."

"நான் காக்காட பங்காளி எண்டெல்லவோ நெனச்சிருந்தன்" என்றான் கதிர்காமன். சிரிக்கத்தான் பார்த்தான்.

"காரைத் திருப்பு" என்றார் மீராசாஹிபு.

திருப்ப முடியவில்லை. வளைவு முடிந்த இடத்திலேயே சாவடி இருந்தது. குறுக்கே மரம் போட்டிருந்தார்கள். பின்னால் ஒரு பஸ் வந்து ஒட்டிக்கொண்டு நின்றது. துவக்கோடு ஒரு சிப்பாய் யன்னலில் குனிந்து கையை நீட்டினான்.

மற்ற நாட்களில் கதிர்காமனின் அடையாள அட்டையைப் பார்த்ததும் சிப்பாய்களின் முகம் மலரும். கதிர்காமக் கடவுளின் பெயர் அவர்களுக்கும் கடவுளின் பெயர்தான். சிலர் கையெடுத்துக் கும்பிட்டே அனுப்பியிருக்கிறார்கள். இந்தச் சிப்பாய் பெயரை ஒருமுறை வாசித்தான். திரும்பவும் வாசித்தான். அட்டையைத் திருப்பித் தராமல் குடிசைக்குள் இருந்த மேலதிகாரியிடம் நடந்தான்.

"பிழையாப் போன பேர் எண்டு நான் சிங்களத்துல செல்லுறன். நீ பேசாம இரு" என்று மீராசாஹிபு கதவில் கை வைத்தார். தான் சொன்னால் நம்ப மாட்டார்கள் என்று அவருக்கே தெரியும். தன் ஆளைக் காப்பாற்ற யாரும் சொல்லக்கூடிய பொய்தான் அது.

பின்னால் கதவு திறக்கும் சத்தம் கேட்டது.

"அந்தப் பேரைப் பொய்யாச் சென்னவன் நான்தான்" என்றான் ஸலாஹுதீன். "நான் செல்லாம ஆரு செல்லுற?"

அவனால் இறங்க முடியவில்லை. சேர்ட் நுனி நஸீறாவின் விரல்களுக்குள் இருந்தது. அவள் அவன் காதைப் பார்த்தாள். முன் ஆசனத்தில் அசையாமல் இருந்த கதிர்காமனின் பிடரியைப் பார்த்தாள். குடிசையிலிருந்து இரண்டு பேர் காரை நோக்கி வந்துகொண்டிருந்தார்கள்.

விரல்களை ஒவ்வொன்றாக எடுத்தாள்.

"இறங்குங்க" என்றாள். "நானும் வாறன்."